நெய்யரியா, மரவரிப்படமா?

சாதாரண தரப் பரீட்சை எழுதும் திருகோணமலைப் பிள்ளைகளுக்காக ஒரு கணக்கு: கூடையில் 3 சூரை, 2 பாரை. பார்க்காமல் ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு மீன் எடுக்கிறோம். இரண்டும் சூரையாக இருக்கும் நிகழ்தகவு என்ன?

வரையும் வேலை: நெய்யரிக்கு (ஓர் அச்சில் முதல் மீன், மற்றதில் இரண்டாம் மீன் குறிக்கும் கட்டம்) 25 புள்ளி. மரத்துக்கு (ஒவ்வொரு முறை எடுக்கும்போதும் கிளை பிரியும் மரவரிப்படம்) 2 கிளை, பிறகு 4.

முதல் மீனைத் திருப்பி வைத்தால்: சாரா நிகழ்ச்சிகள், அதாவது ஒன்று மற்றதைப் பாதிக்காதவை. இரண்டும் சூரையாக, மரத்தில் 3/5 × 3/5 = 9/25. நெய்யரியிலும் 9 புள்ளிதான்.

வைக்காவிட்டால்: இங்கேதான் பிழை விடுகிறார்கள். மரத்தின் இரண்டாம் கிளைகளில் பகுதி (பின்னத்தின் கீழ் எண்) 4 ஆக வேண்டும்; 3/5 × 2/4 = 3/10. பழக்கதோஷத்தில் 5 என்றே எழுதிவிடுவார்கள். ஒரே புள்ளியிலிருந்து பிரியும் கிளைகளின் பின்னங்களைக் கூட்டிப் பாருங்கள்: 2/5 உம் 2/5 உம் என்றால் 1 வராது, அங்கேயே பிடிபடும். நெய்யரியில் மூலைவிட்டத்து 5 புள்ளிகளை வெட்டுங்கள்; ஒரே மீனை இரண்டு தடவை எடுக்க முடியாது. 20 இல் 6.

இரண்டு தாயக்கட்டையில் கூட்டுத்தொகை 7 கேட்டால் நெய்யரியே நல்லது: 36 இல் 6, கண்ணுக்கே தெரியும். மூன்று மீன் எடுத்தால் மரம்தான்.