சுவர் விழும் கதைக்குக் களிமண்ணா, காகிதமா, கம்ப்யூட்டரா?

மகன்களும் மருமகள்களும் படுத்தும் பாட்டை யாரிடமும் சொல்ல முடியாமல் ஊதிப்போன கிழவி, ஆளில்லாத வீட்டுக்குப் போய்ச் சுவருக்கு ஒரு குறையாகச் சொல்லி அழுகிறாள். பாரம் தாங்காமல் நான்கு சுவரும் ஒவ்வொன்றாக விழுகின்றன, ஒவ்வொரு முறையும் அவள் உடம்பு இளைக்கிறது. இந்த நாட்டுப்புறக் கதையைப் பூட்டிக்கிடக்கும் காரைக்குடி வீடொன்றில் நடப்பதாக மூன்று நிமிட அனிமேஷனாக்கினால், முறையைத் தேர்ந்தெடுக்க அந்த நான்கு சுவரையும் நான்கு இளைப்பையும் பார்த்தாலே போதும்.

வெட்டிய காகித உருவங்களைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி ஒவ்வொன்றாகப் படமெடுக்கும் காகித வெட்டுப்படம்தான் செலவு குறைவு. முகப்புத் தூண்களைக் கண்ணாடித் தட்டுகளில் அடுக்கினால் ஆழமும் கிடைக்கும். ஆனால் கிழவிக்கு ஐந்து உடம்பு வெட்ட வேண்டும். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாறும்போது படம் குதிக்கும். மின்விசிறி ஓடினால் எல்லாம் நகர்ந்துவிடும்.

டிஜிட்டல் 2டி-யில் இளைப்பது சுலபம். பிளெண்டர், கிரிட்டா என்ற மென்பொருள்கள் இரண்டும் இலவசம். சறுக்குவது சுவரில்தான்: சீரான வேகத்தில் சாய்த்தால் அது காகித அட்டைபோலத்தான் தெரியும். ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே சுவர் நகரும் இடைவெளியை முதலில் நெருக்கமாகவும் போகப்போக அகலமாகவும் விட்டால்தான் கனம் தெரியும்.

எங்கள் ஓட்டு களிமண்ணுக்கே. பாரம் குறைவதுதான் கதை; அதைக் கையால் வழித்தெடுத்துக் காட்ட இதில் மட்டுமே முடியும். முதலில் கடைசி ஒல்லி உடம்பை அலுமினியக் கம்பி வைத்துச் செய்துகொண்டு, அதன்மேல் எண்ணெய்க் களிமண்ணை அடுக்குங்கள். ஒவ்வொரு சுவருக்குப் பின்னும் ஒரு சுற்று வழிக்க வேண்டும். வழித்ததைப் பழையபடி ஒட்ட முடியாது. அதனால் கதை வரிசையிலேயே எடுத்தாக வேண்டும். பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக அசைத்து எடுக்க வேண்டியது, நொடிக்கு 12 வீதம் 2,160 படம். கண்டாங்கிச் சேலையின் கட்டங்கள் கை பட்ட ஒவ்வொரு நெளிவையும் காட்டிக்கொடுக்கும். ஓரத்தில் மெல்லிய கம்பி கோத்துத் தையுங்கள்.

முற்றத்து வெயிலில் எடுக்க ஆசை வரும், வேண்டாம். மேகம் நகர்ந்தாலே படம் மினுங்கும். இருட்டறையில் எல்.இ.டி. விளக்கு வைத்து, கேமராவின் வெளிச்சம், நிறம், ஃபோகஸ் மூன்றையும் மேனுவலில் பூட்டிவிடுங்கள்.

சுவரை மட்டும் நிஜமாகவே விழவிட்டு வீடியோ எடுக்கலாம். பின்பக்கம் விரிசல் கீறிய பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பலகை போதும். பத்தில் ஒரு பங்கு அளவுச் சுவர் நிஜ வேகத்தில் பொம்மையாகத்தான் விழும், சுமார் 3.2 மடங்கு மெதுவாக்க வேண்டும். நொடிக்கு 120 பிரேம் எடுக்கும் போனே அதற்குத் தாராளம். சுண்ணாம்புத் தூசியைக் கம்ப்யூட்டரில் சேருங்கள். அதற்காக, சுவர் விழுந்தபின் கிழவி இல்லாத வெற்றுக் களத்தையும் அதே விளக்கில் ஒரு படம் எடுத்து வையுங்கள்.