மியாகோனோஜோ வெள்ளை ஓக் மரவாள்: எதைப் பார்த்து வாங்குவது?

சாமுராய் படங்களில் சீடர்கள் வீசிப் பழகும் மரவாளுக்கு ஜப்பானில் போக்குடோ என்று பெயர்; வெளிநாட்டுக்காரர்கள் போக்கென் என்பார்கள். ஜப்பானிய மரவாள்களில் பெரும்பகுதி கியூஷூ தீவின் மியாகோனோஜோ நகரில் தயாராகிறது. அங்கிருந்து வரும் வெள்ளை ஓக் வாள் உண்மையிலேயே நல்ல சரக்கு.

நீளம் சுமார் 101.5 செ.மீ., எடை 500 முதல் 600 கிராம் வரை. சிவப்பு ஓக் பார்க்க அழகுதான், தனியாக வீசிப் பழக அது போதும். இருவர் சேர்ந்து பழகும்போது வாளோடு வாள் மோதுமே, அந்த அடியை வெள்ளை ஓக்தான் தாங்கும்.

வாங்கும்போது மர ரேகையைப் பாருங்கள். பிடியின் அடியில் தொடங்கும் கோடு நுனிவரை ஓட வேண்டும். நடுவில் சரிந்து ஓரத்தில் போய் முடிகிறதென்றால் அந்த வாள் வேண்டாம். ஓங்கி ஓர் அடி விழுந்தால் அந்த இடத்தில்தான் பிளக்கும். தெறிக்கும் துண்டு எதிரில் நிற்பவர் முகத்துக்குப் போகும்.

இதன் பெரிய குறை வார்னிஷ். கை வியர்த்தால் வழுக்குகிறது. பிடியை மட்டும் 240 உப்புத்தாளால் தேய்த்து வார்னிஷை எடுத்துவிட்டு, 400 தாளால் மழமழப்பாக்குங்கள். பிறகு ஆளிவிதை எண்ணெய் லேசாகப் பூசி, கால் மணி நேரத்தில் மிச்சத்தைத் துடைத்துவிடுங்கள். துடைத்த துணியைச் சுருட்டிப் போட்டால் தானாகச் சூடேறித் தீப்பிடிக்கலாம், விரித்துக் காயவிடுங்கள். வாளைச் சுவரில் சாய்த்து வைத்தால் நாளாக நாளாகக் கோணிவிடும், படுக்கவைப்பதே சரி. வெயிலில் நிறுத்திய காருக்குள் விட்டால் விரிசல் விடும்.

1954இல் வந்த ‘ஏழு சாமுராய்’ படத்துக்கு வாள்வீச்சு சொல்லிக்கொடுத்தவர், கத்தோரி ஷின்தோ என்ற பழைய ஜப்பானிய வாள்கலை மரபின் சுகினோ யோஷியோ. அதைப் பார்த்து ஆசைப்பட்டு அந்த மரபில் சேர நினைப்பவர்கள் இந்த வாளை வாங்க வேண்டாம். அங்கே கைக்காப்பு வளையம் இல்லாத, கொஞ்சம் குட்டையான, வளைவு குறைந்த வாள்தான் வழக்கம். ஆசிரியரிடம் கேட்டுவிட்டுப் பணம் கொடுங்கள்.

கெண்டோ என்ற ஜப்பானிய வாள்கலையில் இருவர் சேர்ந்து செய்யும் வரிசைப் பயிற்சியான கதா பழகுபவர்களுக்கு இது தாராளமாகப் போதும். ஒவ்வொரு பயிற்சி முடிந்ததும் வெட்டு விளிம்பைத் துணியால் நீவிப் பாருங்கள். நூல் மாட்டினால் சிலாம்பு கிளம்பிவிட்டது, அதைத் தேய்த்து எடுத்த பிறகே அடுத்த முறை கையில் எடுக்கலாம்.