‘பத்தாயிரம் கேம்’ ஏற்றித் தருவதாகச் சொல்லும் டிவி ஸ்டிக் விளம்பரங்கள்: பணம் அனுப்பும் முன் படியுங்கள்

வீட்டிலிருக்கும் ஃபயர் டிவி ஸ்டிக்கில் (டிவியில் செருகி இணையவழிப் படங்களும் செயலிகளும் பார்க்க உதவும் அமேசானின் சிறு கருவி) பழைய வீடியோ கேம்கள் பத்தாயிரத்தை ஏற்றித் தருகிறோம் என்று யாரேனும் விளம்பரம் செய்தால், அவர்களுக்குப் பணம் அனுப்புவதற்கு முன் இந்தப் பதிவை முழுமையாகப் படிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். சென்ற ஆண்டு தீபாவளிக்கு இரண்டு வாரங்களுக்கு முன் இதே வேலைக்காக நான் 6,800 ரூபாய் கொடுத்தேன். கடையின் பெயரை இங்கே எழுதவில்லை. புகார் இன்னும் நிலுவையில் இருக்கிறது. தவிர, இதே முறையில் விற்பவர்கள் பலர் இருக்கிறார்கள் என்பதால், ஒரு பெயரைக் காட்டிலும் அவர்கள் செய்யும் முறையைத் தெரிந்துகொள்வதே வாசிப்பவர்களுக்கு அதிகம் உதவும் என்று கருதுகிறேன்.

தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் தெருவில் ஒரே ஒரு வீட்டில்தான் டிவி கேம் இருந்தது. கோடை விடுமுறையில் நானும் என் தம்பியும் அந்த வீட்டுத் திண்ணையில் காத்திருந்து, முறை வந்ததும் கான்ட்ரா விளையாடுவோம். அவன் இப்போது புனேயில் வேலை பார்க்கிறான். தீபாவளிக்கு வரும்போது இருவரும் சேர்ந்து ஒருமுறை அதை விளையாட வேண்டும் என்ற ஆசையே எல்லாவற்றுக்கும் தொடக்கம். எமுலேட்டர் என்ற மென்பொருளைக் கொண்டு பழைய கேம் கருவிகளை இன்றைய சாதனங்களில் இயங்கச் செய்யலாம் என்பது எனக்குத் தெரிந்திருந்தது. அதை டிவியில் அமைக்கும் விதம் தெரியவில்லை. அந்த நேரத்தில்தான் சமூக வலைத்தளம் ஒன்றில் அந்த விளம்பரம் என் கண்ணில் பட்டது.

விற்பவர் தாம் சென்னை ரிச்சி தெருவில் கடை வைத்திருப்பதாகச் சொன்னார். 128 ஜிபி பென் டிரைவ், கம்பியில்லாத இரண்டு கண்ட்ரோலர்கள், ஸ்டிக்கில் பென் டிரைவ் போன்றவற்றை இணைக்கும் ஓடிஜி கேபிள், வீட்டுக்கு வந்து அமைத்துத் தரும் கூலி எல்லாம் சேர்த்து 6,800 ரூபாய் என்றார். பிளேஸ்டேஷன் 2 வரைக்கும் எல்லா கேமும் ஓடும் என்று வாட்ஸ்அப்பில் எழுத்திலேயே உறுதி கொடுத்தார். முழுத் தொகையையும் முன்பணமாக யுபிஐ வழியே அனுப்பச் சொன்னார், நானும் அனுப்பினேன். மூன்று நாள் கழித்து மடிக்கணினியுடன் ஓர் இளைஞர் வந்தார். வைஃபை கடவுச்சொல்லைக் கேட்டு வாங்கிக்கொண்டு, முக்கால் மணி நேரத்தில் வேலையை முடித்து, ஒரே ஒரு கேமை இரண்டு நிமிடம் ஓட்டிக் காட்டிவிட்டுச் சென்றார். பில் கேட்டேன், அனுப்புகிறோம் என்றார், வரவில்லை.

முதல் கோளாறு அன்று இரவே தெரிந்தது. பதினைந்து நிமிடத்துக்கு ஒருமுறை ஸ்டிக் தானாக அணைந்து மீண்டும் தொடங்கியது. சுவரிலிருந்த பவர் அடாப்டரைக் கழற்றிவிட்டு, டிவியின் யுஎஸ்பி துளையிலேயே ஸ்டிக்கை இணைத்துவிட்டுப் போயிருந்தார்கள். ஸ்டிக்கோடு பெட்டியில் வரும் அடாப்டர் 5 வோல்ட்டில் 1 ஆம்பியர் தருவது. சாதாரண யுஎஸ்பி 2.0 துளை தருவதோ 0.5 ஆம்பியர்தான். அதே மின்சாரத்தில் பென் டிரைவும் கண்ட்ரோலர்களின் ரிசீவரும் சேர்ந்து இயங்க வேண்டும் என்றால் ஸ்டிக் தாங்காது. அடாப்டரை நானே மாட்டியதும் இது சரியாயிற்று.

அடுத்தது, இரண்டு கண்ட்ரோலர்களில் எதை அழுத்தினாலும் முதல் ஆட்டக்காரனே நகர்ந்தான். அவர்கள் நிறுவியிருந்த ரெட்ரோஆர்க் என்ற எமுலேட்டர் மென்பொருளின் உள்ளீட்டு அமைப்பில் முதல் போர்ட்டுக்கு ஒரு கண்ட்ரோலர், இரண்டாம் போர்ட்டுக்கு இன்னொன்று என்று பிரித்துக் கொடுக்க வேண்டும், அதைச் செய்யவே இல்லை. இருவர் சேர்ந்து விளையாடத்தான் வாங்குகிறேன் என்று முதல் நாளே சொல்லியிருந்தேன் என்பதால் இது எனக்கு மிகவும் வருத்தமாக இருந்தது.

பட்டியலில் கண்ட கேம்களில் பாதிக்கு மேல் திறக்கவே இல்லை, கறுப்புத் திரைதான் வந்தது. தொலைபேசியில் கேட்டபோது, “உங்கள் ஸ்டிக் பழையது சார், புதிது வாங்குங்கள், நாங்களே தருகிறோம்” என்றார்கள். அந்தப் பதில்தான் எனக்குச் சந்தேகத்தை உண்டாக்கியது. 1985-இல் வந்த சூப்பர் மாரியோ பிரதர்ஸ் கேமின் மொத்த அளவே 40 கேபி. நின்டெண்டோவின் பழைய கேம் கருவியான என்இஎஸ்ஸுக்கு வந்த கான்ட்ரா 128 கேபி. இவற்றை ஓட்டுவதற்கு 1 ஜிபி ரேம் கொண்ட என் ஸ்டிக் தாராளமாகப் போதும்.

பென் டிரைவைக் கணினியில் செருகி எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவச மென்பொருளால் சோதித்தேன். இந்த மென்பொருள் டிரைவ் நிரம்பும்வரை தரவை எழுதி, பிறகு எழுதியதை மீண்டும் படித்து ஒப்பிட்டுப் பார்க்கும். சோதனைக்கு முன் உள்ளே இருந்ததையெல்லாம் வேறு இடத்தில் நகலெடுத்து வைத்துக்கொள்ள வேண்டும், நானும் அப்படியே செய்தேன். 128 ஜிபி என்று மேலே அச்சிட்டிருந்த டிரைவின் உண்மைக் கொள்ளளவு 16 ஜிபிக்கும் குறைவு. இத்தகைய போலி டிரைவ்களில் உள்ளிருக்கும் கட்டுப்பாட்டுச் சிப்பைத் தன் அளவு 128 ஜிபி என்று பொய் சொல்லும்படி மாற்றியிருப்பார்கள். கோப்புகளின் பெயர்ப் பட்டியல் டிரைவின் தொடக்கத்தில் பதிவாவதால், எல்லாப் பெயர்களும் ஒழுங்காகத் தெரியும். உண்மைக் கொள்ளளவைத் தாண்டி எழுதப்பட்ட கோப்புகளுக்குள் மட்டும் ஒன்றும் இருக்காது. கறுப்புத் திரைக்குக் காரணம் இதுதான். விண்டோஸ் பயன்படுத்தாதவர்கள் எஃப்3 என்ற மென்பொருளால் இதே சோதனையைச் செய்யலாம். யாரிடமிருந்து பென் டிரைவ் வாங்கினாலும் முதல் வேலையாக இதைச் செய்துவிடுங்கள்.

பிறகு எண்ணிப் பார்த்தேன். கோப்புகள் 10,286 இருந்தன. உள்ளடக்கம் ஒன்றாகவே இருந்து பெயர் மட்டும் மாறியவற்றையும், உள்ளே ஒன்றுமில்லாதவற்றையும் நீக்கியபின் மிஞ்சியவை 2,140. அவற்றிலும் ஒரே கேமின் ஜப்பானிய, அமெரிக்க, ஐரோப்பியப் பதிப்புகள் தனித்தனியாக இருந்தன. சிறுவயதில் ‘9999999 இன் 1’ என்று ஒட்டி வந்த கேசட்டைப் போட்டால் ஐந்தாறு கேம்களே திரும்பத் திரும்ப வரும் என்பது என் வயதுக்காரர்களுக்கு நினைவிருக்கும். என்இஎஸ் கருவிக்கு வட அமெரிக்காவில் உரிமத்தோடு வெளியானவையே ஏறத்தாழ 700 கேம்கள்தான். ஆகவே பத்தாயிரம் என்ற எண்ணைப் பார்த்தவுடனே அது எப்படிச் சேர்ந்தது என்று கேட்க வேண்டும்.

பிளேஸ்டேஷன் 2 என்ற தலைப்பின் கீழ் நாற்பது பெயர்கள் இருந்தன. அவற்றைத் திறந்தால் வேறு ஏதோ சிறிய கேம்கள் ஓடின. பெயரையும் அட்டைப் படத்தையும் மட்டும் மாற்றியிருந்தார்கள். ஆண்ட்ராய்டுக்கான பிஎஸ்2 எமுலேட்டர்கள் 64 பிட் இயங்குதளத்தையும் வலுவான செயலியையும் எதிர்பார்ப்பவை. 2020-இல் வந்த என் ஸ்டிக்கின் மென்பொருள் 32 பிட். கோப்புகளைச் சேமிக்கும் இடம் 8 ஜிபி, அதிலும் நம் பயன்பாட்டுக்கு மிஞ்சுவது ஏறத்தாழ 5 ஜிபிதான். விற்பவருக்கு இது தெரியாதிருக்க வாய்ப்பில்லை.

இதுவரை சொன்னது பண இழப்பு. இனிச் சொல்லப்போவதை எல்லோரும் கவனமாகப் படிக்க வேண்டும். ஃபயர் டிவியின் அமைப்புகளில் ‘அபவுட்’ என்ற அறிமுகப் பகுதிக்குச் சென்று சாதனத்தின் பெயரின்மீது ஏழு முறை அழுத்தினால் டெவலப்பர் ஆப்ஷன்ஸ் என்ற மறைந்திருக்கும் பட்டியல் திறக்கும். ஏபிகே என்ற ஆண்ட்ராய்டு செயலிக் கோப்புகளை வெளியிலிருந்து நிறுவ அனுமதிப்பதும், வேறொரு கணினியிலிருந்து ஸ்டிக்கைக் கட்டுப்படுத்த உதவும் ஏடிபி டிபக்கிங் என்ற வசதியை இயக்குவதும் அங்கேதான் நடக்கும். வேலை முடிந்ததும் இரண்டையும் அணைத்துவிட வேண்டும். என் ஸ்டிக்கில் இரண்டும் அப்படியே திறந்து கிடந்தன. அந்த இளைஞரின் மடிக்கணினிக்கு ‘எப்போதும் அனுமதி’ என்ற ஒப்புதலும் கொடுக்கப்பட்டிருந்தது. என் வைஃபை கடவுச்சொல்லும் அவரிடம் இருந்ததால், எங்கள் வாசலுக்கு வெளியே நின்றபடியே அவரால் என் ஸ்டிக்கிற்குள் நுழைந்திருக்க முடியும். இதை மிகையான அச்சமாக எண்ண வேண்டாம். ஏடிபி பயன்படுத்தும் 5555 என்ற போர்ட் (வலையமைப்பு வாயில்) திறந்து கிடந்த சாதனங்களைத் தேடித் தொற்றிய ஏடிபி.மைனர் என்ற தீநிரல் 2018-இலேயே பரவியிருக்கிறது.

ஸ்டிக்கில் நான் கேட்காத இரண்டு செயலிகளும் இருந்தன. ஒன்றுக்கு ஐகானே இல்லை. நிறுவப்பட்ட செயலிகளின் பட்டியலில் மட்டும் பொதுவான ஒரு பெயருடன் தெரிந்தது. டிவி அணைந்திருந்த இரவு நேரங்களிலும் ஸ்டிக் தொடர்ந்து தரவை வெளியே அனுப்பிக்கொண்டிருந்ததை ரூட்டரின் நிர்வாகப் பக்கத்தைத் திறந்து பார்த்தபோது கண்டேன். அந்தச் செயலியை நீக்கியதும் அது நின்றது. மலிவான ஆண்ட்ராய்டு டிவி பெட்டிகள் முதலான வீட்டுச் சாதனங்களைக் கைப்பற்றி, அவற்றின் இணைய இணைப்பைக் குற்றவாளிகளுக்கு வழங்கும் பேட்பாக்ஸ் 2.0 என்ற வலையமைப்பைப் பற்றி அமெரிக்காவின் எஃப்பிஐ 2025 ஜூன் மாதம் எச்சரித்திருக்கிறது. நம் வீட்டு இணைப்பின் வழியாக வேறொருவர் குற்றம் செய்தால், விசாரணை முதலில் வந்து நிற்பது நம் வீட்டு வாசலில்தான்.

அவர்கள் காசுக்கு விற்றது பெரும்பாலும் இலவச மென்பொருள் என்பதையும் பிறகே அறிந்தேன். ரெட்ரோஆர்க் கட்டற்ற மென்பொருள், யாருக்கும் ஒரு ரூபாயும் தர வேண்டியதில்லை. அதனுள் இயங்கும் ஸ்நெஸ்9எக்ஸ், ஜெனிசிஸ் பிளஸ் ஜிஎக்ஸ் போன்ற எமுலேட்டர்களின் உரிமங்கள் வணிக நோக்கில் விற்பதைத் தடை செய்கின்றன. பல ஆண்டுகளாகத் தன்னார்வலர்கள் உழைத்து உருவாக்கி இலவசமாகக் கொடுத்ததை இப்படி விற்பது எனக்கு மிகுந்த மனவேதனையைத் தருகிறது. கேம்களும் பதிப்புரிமை உள்ளவை. திருட்டு நகல் என்று தெரிந்தே ஒரு கணினி நிரலைப் பயன்படுத்துவது நம் நாட்டின் பதிப்புரிமைச் சட்டம் 1957, 63பி பிரிவின்படி குற்றம். வாங்குபவரையும் அந்த நிலையில் கொண்டு நிறுத்துகிறோம் என்பதை இந்த விற்பனையாளர்கள் ஒருபோதும் சொல்வதில்லை.

நான் செய்த சீரமைப்பைச் சொல்கிறேன், இதே நிலையில் இருப்பவர்களுக்குப் பயன்படும். முதலில் ஸ்டிக்கைத் தொழிற்சாலை நிலைக்கு மீட்டமைத்தேன். ஒவ்வொரு செயலியாக நீக்குவதைவிட இதுவே பாதுகாப்பானது. பின்னர் வைஃபை கடவுச்சொல்லையும் ரூட்டரின் நிர்வாகக் கடவுச்சொல்லையும் மாற்றினேன். என் அமேசான் கணக்கில் பதிவான சாதனங்களின் பட்டியலைப் பார்த்து, எனக்குத் தெரியாத ஒன்றை நீக்கினேன். அதன் பிறகு ரெட்ரோஆர்க்கை அதன் அதிகாரபூர்வத் தளத்திலிருந்தே நிறுவி, அதன் உள்ளேயே இருக்கும் கோர் டவுன்லோடர் வழியாக என்இஎஸ் கருவிக்கான கோரை (அந்தக் கருவியைப் போல இயங்கும் எமுலேட்டர் பகுதியை) இறக்கிக்கொண்டு, டெவலப்பர் ஆப்ஷன்ஸில் இருந்த இரண்டு அனுமதிகளையும் அணைத்தேன். புதிதாக ஒரு பென் டிரைவ் வாங்கி, சோதித்து, ஃபேட்32 வடிவில் அமைத்தேன். எல்லாம் சேர்ந்து ஒன்றரை மணி நேரம் ஆயிற்று. புதிதாக ஸ்டிக் வாங்க நினைப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: 2025-இல் வந்த ஃபயர் டிவி ஸ்டிக் 4கே செலக்ட், ஆண்ட்ராய்டை விட்டு வேகா என்ற இயங்குதளத்துக்கு மாறிவிட்டது. அதில் ஏபிகே கோப்புகளை நிறுவ முடியாது. அதற்கும் ஏற்றித் தருகிறோம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

கேம்களுக்கு நேர்மையான வழி இருக்கிறது. மைக்ரோ மேஜஸ் என்ற கேமை மார்ஃப்கேட் கேம்ஸ் குழுவினர் 2019-இல் என்இஎஸ் கருவிக்காகவே புதிதாக உருவாக்கினார்கள். சூப்பர் மாரியோவைப் போலவே அதுவும் 40 கேபிக்குள் அடங்குவது. அதை வாங்கினால் எமுலேட்டரில் ஓட்டக்கூடிய ரோம் என்ற கேம் கோப்பும் கிடைக்கிறது, நான்கு பேர் வரை சேர்ந்து ஆடலாம். கான்ட்ராவுக்கு, அதை உருவாக்கிய கொனாமி நிறுவனமே 2019-இல் வெளியிட்ட ஆனிவர்சரி கலெக்ஷன் என்ற தொகுப்பை வாங்கி, மடிக்கணினியை எச்டிஎம்ஐ கேபிளால் டிவியோடு இணைத்தேன். தீபாவளிக்கு மறுநாள் நானும் தம்பியும் அதில்தான் விளையாடினோம்.

பணத்தைத் திரும்பக் கேட்டபோது கடைக்காரர் முதலில் மறுத்தார், பிறகு என் எண்ணைத் தடுத்துவிட்டார். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் பதிவு செய்தபின் 1,500 ரூபாய் தருவதாக அழைப்பு வந்தது, நான் ஏற்கவில்லை. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019-இன்படி நாம் வசிக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் குறைதீர் ஆணையத்திலேயே வழக்குத் தொடரலாம். கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் இருந்தால் கட்டணம் இல்லை. இரண்டு ஆண்டுகளுக்குள் தொடர வேண்டும். பில் இல்லாவிட்டாலும் யுபிஐ ரசீதும் வாட்ஸ்அப் உரையாடலும் என்னிடம் இருக்கின்றன. எனவே அத்தகைய உரையாடல்களை யாரும் அழித்துவிடாதீர்கள். இணையவழி மோசடி என்று பட்டால் 1930 என்ற எண்ணையும் உடனே அழைக்கலாம். ஆணையத்தில் மனு கொடுத்திருக்கிறேன். அந்தப் போலி பென் டிரைவையும், சோதனை முடிவின் அச்சுப் பிரதியையும் உறையிலிட்டு ஒட்டி வைத்திருக்கிறேன்.