ஈஸ்ட் கோஸ்ட் பார்க் பார்பிக்யூ பிட்டும் கேட்டரிங் அண்ணனும்

மகளோட 15வது பர்த்டேக்கு சிங்கப்பூர் ஈஸ்ட் கோஸ்ட் பார்க்ல பார்பிக்யூ பிட் (கரி போட்டுச் சுடுற அடுப்பு) எடுத்தோம். பூங்காக்களைப் பாத்துக்குற அரசு வாரியமான என்பார்க்ஸ் வெப்சைட்ல புக் பண்றது ஈசி, 2024 ஜூன்ல மரின் பரேட் எம்ஆர்டி ரயில் ஸ்டேஷன் திறந்ததுலேர்ந்து பிள்ளைங்க தானாவே வந்துடுறாங்க.

நான் முக்கியமா சொல்ல வந்தது கேட்டரிங் அண்ணனைப் பத்தி. செக் த்ரீ (உயர்நிலை மூணு) பிள்ளைங்க பதினொரு பேரு, யாரும் கத்தல, சண்டை போடல, ஆனா ஒரு பொண்ணு உக்காரப் போனப்ப "இங்க ஆளு இருக்கு"ன்னு பேக்கை வச்சாங்க, குரூப் போட்டோ எடுக்க அவ கையிலயே போனைக் குடுத்தாங்க, அவ இல்லாத வாட்சப் குரூப் ஜோக்கைச் சொல்லிச் சொல்லி சிரிச்சாங்க, என் மகளும் சேந்துதான், அதுதான் எனக்கு ரொம்ப வலிச்சுச்சு. எனக்கு முன்னாடியே அந்த அண்ணன் கவனிச்சுட்டாரு. "பாப்பா, இந்த சிக்கன் விங்ஸ கொஞ்சம் திருப்பிப் போடும்மா"ன்னு இடுக்கிய அவகிட்ட குடுத்தாரு. அப்புறம் சாப்பாடு வேணும்னா எல்லாரும் அவகிட்டதான் வரணும், பேசித்தான் ஆகணும்! சாத்தே (குச்சியில குத்திச் சுட்ட கறி) நல்லா வெந்திருந்துச்சு, சம்பல் ஸ்டிங்ரேல (மிளகா சம்பல் தடவுன திருக்கை மீன்) உப்பு கொஞ்சம் தூக்கல்.

போறவங்க பெரிய பாய் ரெண்டு எடுத்துட்டுப் போங்க, பெஞ்சுல இடம் பிடிக்கிறதுலதான் பாதி பிரச்சனையே ஆரம்பிக்குது. அந்த அண்ணனையே அடுத்த வருஷத்துக்கும் சொல்லி வச்சுட்டேன்.