ஒரே கூடை ஸ்ட்ராபெர்ரி: அடுப்பில் வெந்த ஜாமா, வேகாத ஃப்ரீசர் ஜாமா?

ஒரு கூடை ஸ்ட்ராபெர்ரியை இரண்டாகப் பிரித்தேன். ஒரு பாதி அடுப்பில் கொதித்து ஜாம் ஆனது. மறு பாதியை அடுப்புப் பக்கமே கொண்டுபோகாமல் மசித்து, சர்க்கரையும், பழங்களிலேயே இருக்கும், ஜாமை இறுகவைக்கும் பொருளான பெக்டினும் கலந்து டப்பாவில் அடைத்தேன். மறுநாள் இரண்டிலும் ஒவ்வொரு கரண்டி எடுத்து ஒரே வெள்ளைத் தட்டில் வைத்தேன். வெந்தது அரக்குச் சிவப்பில் பளபளவென்று இருந்தது; தட்டைச் சாய்த்தாலும் நகரவில்லை. வேகாதது அப்போதுதான் நறுக்கிய பழத்தின் நிறத்திலேயே இருந்தது. தட்டைச் சாய்த்ததும் மெல்ல இறங்கியது. வாயில் போட்டால் ஒன்று ஜாம், இன்னொன்று பழம். இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொண்டால்தான் எது நமக்கு வேண்டும் என்று முடிவு செய்ய முடியும்.

பழத்தின் மணம் எளிதில் ஆவியாகிற பொருள்களால் ஆனது. ஜாம் கொதிக்கும்போது வீடெல்லாம் மணக்கிறதே, அது பாத்திரத்தை விட்டுக் கிளம்பிப் போகிற மணம்தான். அதற்குப் பதிலாக, வெந்த சர்க்கரைக்கே உரிய இன்னொரு ருசி வந்து சேர்கிறது. அதுவும் நல்ல ருசிதான், பலருக்கும் ஜாம் என்றால் அதுதான். ஆனால் நன்றாகப் பழுத்த ஸ்ட்ராபெர்ரியைக் கையில் வைத்துக்கொண்டு அதை இருபது நிமிடம் கொதிக்க விட எனக்கு மனம் வருவதில்லை.

அடுப்பு ஜாமுக்கு உரிய மரியாதையை முதலில் கொடுத்துவிடுவோம். கடல் மட்டத்தில் 104, 105 டிகிரி செல்சியஸ் வரும்வரை கொதிக்கவிட்டால் பதம் வந்துவிடும். மேட்டு நிலத்தில் இருப்பவர்கள் ஒவ்வொரு 300 மீட்டர் உயரத்துக்கும் சுமார் ஒரு டிகிரி குறைத்துக்கொள்ள வேண்டும். தண்ணீர் ஆவியாகி, சர்க்கரையின் பங்கு ஏறக்குறைய 65 சதவீதத்துக்கு வந்து, பெக்டின் வலைபோலப் பின்னிக்கொள்ளும். சூடாக ஜாடியில் ஊற்றி, மூடி, கொதிநீரில் வைத்து எடுத்தால் ஒரு வருடம் அலமாரியிலேயே இருக்கும். ஊருக்கு எடுத்துப்போகலாம், யாருக்காவது கொடுக்கலாம். ஃப்ரீசர் ஜாமால் இது எதுவும் ஆகாது. அதை அலமாரியில் வைக்கவே கூடாது; வைத்தால் பூஞ்சையோ புளிப்போ வந்துவிடும்.

சரி, வேகாத ஜாம் என்றால் ஒரே ஒரு முறை என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் எதை வைத்துக் கெட்டிப்படுத்துகிறோம் என்பதைப் பொறுத்து அது மூன்று நான்கு விதமாகப் பிரிகிறது. ருசியும் சர்க்கரையும் அங்கேதான் வெகுவாக மாறுகின்றன.

சாதாரண பெக்டின் தூள்

பழைய முறை இதுதான். மசித்த ஸ்ட்ராபெர்ரி 2 கப், சர்க்கரை 4 கப். அளவைத் தவறாகப் படித்துவிட்டதாக நினைக்க வேண்டாம். எடையில் சொன்னால் 460 கிராம் பழத்துக்கு 800 கிராம் சர்க்கரை. பழமும் சர்க்கரையும் கலந்து 10 நிமிடம் ஊறவேண்டும். ஒரு பாக்கெட் பெக்டின் தூளை முக்கால் கப் தண்ணீரில் கரைத்து, கிண்டிக்கொண்டே ஒரு நிமிடம் கொதிக்கவைத்து, அதைப் பழத்தில் ஊற்றி 3 நிமிடம் விடாமல் கலக்க வேண்டும். அதாவது அடுப்பு முழுக்க ஓய்வெடுப்பதில்லை, பழம் மட்டும்தான் சூடு காணாமல் தப்பிக்கிறது. டப்பாவில் ஊற்றி 24 மணி நேரம் வெளியே வைத்தால் இறுகும். பிறகு ஃப்ரீசருக்குப் போகலாம்.

வேகாத ஜாம் என்றால் சர்க்கரை குறைவாகத்தான் இருக்கும் என்ற எண்ணம் இந்த முறையில் அடிபட்டுப் போகிறது. காரணம் எளிது. அடுப்பில் தண்ணீர் ஆவியாகிப் போவதால் பாகு தானாகவே திக்காகும். இங்கே பழத்தின் தண்ணீர் ஒரு சொட்டுகூடப் போவதில்லை. சாதாரண பெக்டின் இறுகுவதற்குப் புளிப்பும் வேண்டும், தண்ணீரைத் தன் பக்கம் இழுத்துக்கொள்ள நிறையச் சர்க்கரையும் வேண்டும். ஆவியாகாத தண்ணீருக்கும் சேர்த்து நாம் சர்க்கரை கொட்டுகிறோம். ‘இவ்வளவு எதற்கு’ என்று ஒரு கப் குறைத்தால் மறுநாள் டப்பாவில் கிடைப்பது சர்பத்துதான். இரண்டு மடங்கு அளவை ஒரே பாத்திரத்தில் செய்தாலும் பல சமயம் இறுகாது. இரண்டு முறையாகவே செய்துவிடுங்கள்.

சர்க்கரை முழுக்கக் கரைந்ததா என்பதைக் கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. ஒரு சொட்டு எடுத்துக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் தேய்த்துப் பாருங்கள். ஒன்றிரண்டு துகள் தட்டுப்பட்டால் பரவாயில்லை. மணல்போல நறநறத்தால் இன்னும் கலக்க வேண்டும், இல்லையென்றால் அந்த நறநறப்பு கடைசிவரை ஜாமில் இருக்கும்.

இன்ஸ்டன்ட் பெக்டின்

என் ஓட்டு இதற்குத்தான். ஃப்ரீசர் ஜாமுக்கென்றே செய்யப்பட்ட இந்தத் தூளைக் கொதிக்கவைக்கத் தேவையில்லை. மசித்த பழம் 1⅔ கப், சர்க்கரை ⅔ கப், தூள் 2 மேசைக்கரண்டி. எடையில் 385 கிராம் பழத்துக்கு 130 கிராம் சர்க்கரைதான். மேலே சொன்ன கணக்கோடு இதை வைத்துப் பாருங்கள்: அங்கே பழத்தைவிடச் சர்க்கரை ஒன்றே முக்கால் மடங்கு, இங்கே பழத்தில் மூன்றில் ஒரு பங்கு. தூளையும் சர்க்கரையையும் உலர்ந்த நிலையிலேயே முதலில் நன்றாகக் கலந்துவிட வேண்டும். தூளைத் தனியாகப் பழத்தில் போட்டால் கட்டி கட்டியாகத் திரண்டு, எவ்வளவு கலக்கினாலும் உடையாது. பழத்தைச் சேர்த்து 3 நிமிடம் கலக்கி, டப்பாவில் போட்டு, அரை மணி நேரம் விட்டால் முடிந்தது. தூளுக்குத் தூள் அளவு மாறும், கையிலிருக்கும் பாக்கெட்டில் போட்டிருப்பதையே பின்பற்றுங்கள்.

இதன் குறை, கத்தியில் எடுத்து ரொட்டியில் அழுத்தமாகத் தடவுகிற அளவுக்கு இறுகாது. கரண்டியில் அள்ளுகிற பதம்தான் வரும். ஃப்ரீசரிலிருந்து இறங்கியதும் ஓரத்தில் கொஞ்சம் நீர் விட்டிருக்கும், ஒருமுறை கிளறிவிட்டால் சேர்ந்துகொள்ளும். எனக்கு இது குறையாகவே படவில்லை. மணத்துக்காகத்தானே அடுப்பை விட்டோம், அப்புறம் அந்த மணத்தைச் சர்க்கரையில் மூழ்கடிப்பானேன்?

இதற்குப் பக்கத்தில் வைக்கவேண்டிய இன்னொன்று, கால்சியத்தால் இறுகுகிற பெக்டின். சர்க்கரையை அது நம்பியிருப்பதில்லை. தேன் போடலாம், சர்க்கரையை உங்கள் நாக்குக்கு ஏற்றபடி குறைக்கலாம். கால்சியக் கரைசலைத் தனியாகச் செய்துகொள்ள வேண்டும், பெக்டினைக் கொதிநீரில் கரைக்க வேண்டும் என்று வேலை கூடுகிறது. இனிப்பை நன்றாகவே குறைக்க வேண்டியவர்களுக்கு அந்த வேலை தகும்.

சியா விதை முறையும் உண்டு. ஒரு கப் மசித்த பழத்தில் 2 மேசைக்கரண்டி விதையைக் கலந்து 20 நிமிடம் விட்டால், விதை தண்ணீரை உறிஞ்சி வழுவழுப்பான கூழாகிவிடும். காலை உணவோடு சாப்பிட நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இதை ஜாம் என்று சொல்ல என்னால் முடியவில்லை. ராஸ்பெர்ரியில் ஏற்கெனவே விதை இருப்பதால் இது உறுத்தாது. பீச்சில் போட்டால் அந்த வழவழப்பான சதைக்கு நடுவே நெருடிக்கொண்டே இருக்கும். ஃபிரிட்ஜில் ஒரு வாரத்துக்குள் தீர்த்துவிட வேண்டும்.

மசிப்பதில்தான் பாதி வேலை

முதல் தடவை செய்தபோது அவசரத்தில் பழத்தை மிக்ஸியில் போட்டுச் சுற்றிவிட்டேன். மேலே விரல்தடிமனுக்கு வெளிர் நுரை, கீழே சாறு. பெக்டின் பிடிக்கவே இல்லை. மிக்ஸி பழத்தைக் கூழாக்குவதோடு காற்றையும் அடித்து உள்ளே ஏற்றிவிடுகிறது. மத்து போதும். அகலமான பாத்திரத்தில் பழத்தை ஒரே அடுக்காகப் பரப்பி அழுத்துங்கள்; நசுங்கியதும் அதை எடுத்துவிட்டு அடுத்த அடுக்கு. மொத்தத்தையும் ஒன்றாகக் குவித்து இடித்தால் அடியிலிருப்பது சாறாகி, மேலிருப்பது முழுசாகவே நிற்கும். நகம் அளவுத் துண்டுகள் அங்கங்கே மிஞ்ச வேண்டும். அளப்பது எப்போதும் மசித்த பிறகுதான். முழுப் பழத்தைக் கப்பில் அளந்தால் கணக்குத் தப்பிவிடும்.

பழத்தைத் தேர்ந்தெடுப்பதிலும் இரண்டு முறையும் எதிரெதிர். அடுப்பு ஜாமுக்குக் கொஞ்சம் செங்காயும் கலந்திருந்தால் நல்லது, அதில் பெக்டினும் புளிப்பும் அதிகம். வேகாத ஜாமில் பெக்டின் பாக்கெட்டிலிருந்து வருகிறது, பழம் தரவேண்டியது மணம் மட்டும்தான். அதனால் நன்றாகப் பழுத்ததாக, ஆனால் அழுகல் துளிகூட இல்லாததாக எடுக்க வேண்டும். அடிபட்ட இடத்தை வெட்டிவிட்டு மிச்சத்தைப் போடலாம் என்ற சிக்கனம் இங்கே வேண்டாம், அதைச் சரிசெய்ய இங்கே சூடு இல்லை.

ஸ்ட்ராபெர்ரியும் ராஸ்பெர்ரியும் வேகாத முறைக்கென்றே பிறந்தவை. பீச் அதற்கு அடுத்து வரும். வெட்டியவுடன் காற்றுப்பட்டுக் கறுக்கும் என்பதால் எலுமிச்சைச் சாறு கையோடு இருக்க வேண்டும். மாம்பழமும் நன்றாக வரும், நார் இல்லாத வகையாக இருந்தால். இனிப்பான மாம்பழத்தில் புளிப்பு போதாது, அதற்கும் எலுமிச்சை வேண்டும். பிளம் பழத்தை நான் அடுப்புக்கே அனுப்புவேன்; அதன் அழகும் புளிப்பும் தோலில் இருக்கின்றன, கொதித்தால்தான் அவை சதைக்குள் இறங்கும். ப்ளூபெர்ரியும் அப்படியே: பச்சையாக மசித்தால் தோல் தோலாக, சப்பென்று இருக்கும், சூடு பட்டதும் வேறு பழமாகிவிடும். செர்ரி மத்துக்கு மசியாமல் வழுக்கும், பொடியாக நறுக்கப் பொறுமை இருந்தால் மட்டும் முயலுங்கள். பெக்டினுக்குப் பதிலாக ஜெலட்டின் போட நினைப்பவர்களுக்கு ஒன்று: பச்சை அன்னாசி, கிவி, பப்பாளி இவற்றில் உள்ள நொதிகள் ஜெலட்டினை அறுத்துவிடும், இறுகவே இறுகாது.

கிருமிகள் விஷயத்தில்

இந்த இடத்தில் மட்டும் அடுப்பு ஜாம் சந்தேகமில்லாமல் ஜெயிக்கிறது. உறையவைத்தால் கிருமிகள் பெருகாது, ஆனால் எல்லாம் செத்துவிடாது. ஹெபடைடிஸ் ஏ வைரஸ், நோரோவைரஸ் இரண்டும் உறைபனியைத் தாங்கும். உறைந்த பழங்கள் வழியாக ஹெபடைடிஸ் ஏ பரவிய நிகழ்வுகள் 2013-ல் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பதிவாகியிருக்கின்றன. பழத்தை ஓடும் தண்ணீரில் கழுவுவது, கையைச் சோப்பு போட்டுக் கழுவுவது, பாத்திரங்களைச் சுத்தமாக வைத்துக்கொள்வது இவையெல்லாம் ஆபத்தைக் குறைக்கும், முழுக்க நீக்காது. வீட்டில் கர்ப்பிணிகளோ, வயதானவர்களோ, நோய் எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களோ இருந்தால் அவர்களுக்கு வெந்த ஜாமையே கொடுங்கள்.

வைக்கும் முறை சுருக்கமாக: மைனஸ் 18 டிகிரியில் ஒரு வருடம், ஃபிரிட்ஜில் இறக்கிய பிறகு 3 வாரம். அந்த 3 வாரக் கணக்கு இருப்பதால் பெரிய டப்பா வேண்டாம், ஒரு கப் பிடிப்பதே போதும். தண்ணீர் உறையும்போது சுமார் 9 சதவீதம் விரியும், அதனால் மேலே ஒரு சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் கூடுதலாக இடம் விடுங்கள். கண்ணாடி என்றால் கழுத்து குறுகாத நேரான ஜாடி; தோள் வைத்த ஜாடி விரிசல் விடும். இறக்குவது ஃபிரிட்ஜுக்குள், முதல் நாள் இரவே.

எதற்குப் பயன்படுத்தப்போகிறோம் என்பதும் முக்கியம். ஓவனில் வைக்கும் பிஸ்கட்டுக்கும் டார்ட்டுக்கும் வெந்த ஜாம்தான்; வேகாதது சூட்டில் இளகி வெளியே ஓடிவிடும். தயிரிலும் ஐஸ்கிரீமிலும் ரொட்டியிலும் வேகாததற்கு ஈடு கிடையாது. இறுகாமல் போன டப்பாவையும் கொட்டிவிடாதீர்கள், ஐஸ்கிரீம் மேல் ஊற்ற அதுதான் நல்ல பதம்.

இந்தப் போட்டியில் யாரும் சேர்க்காத ஒன்றும் இருக்கிறது: பழத்தை அப்படியே உறையவைத்து, வெயில் தணிந்த பிறகு நிதானமாக ஜாம் போடுவது. உறையும்போது பழத்தின் செல்கள் உடைந்துவிடுவதால் இளகியதும் தானாகவே குழைந்திருக்கும், மசிக்கும் வேலை பாதி மிச்சம். இளகும்போது இறங்கும் சாற்றை வடிக்காமல் பழத்தோடு சேர்த்தே அளக்க வேண்டும். நாளைக்குள் கெட்டுவிடும் என்கிற நிலையில் 3 கிலோ பழம் வீட்டுக்கு வந்து நின்றால் நான் இப்படித்தான் பிரிப்பேன்: நல்ல மணமுள்ள ஒரு கிலோ அன்றைக்கே இன்ஸ்டன்ட் பெக்டினுக்கு, கொஞ்சம் கெட்டியாக இருக்கும் ஒரு கிலோ அடுப்புக்கு, மிச்சத்தைக் காம்பு நீக்கித் தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி ஃப்ரீசருக்கு. உறைந்ததும் பையில் கொட்டி, தேதி எழுதி ஒட்டிவிட்டால் மழை நாளில் எடுத்துக்கொள்ளலாம்.