டால்கிலீஷா, சூனஸா? மூன்று நாற்காலிகளில் மாறி மாறி உட்கார்ந்த இருவர்

1978, வெம்ப்லி மைதானம். ஐரோப்பியக் கோப்பைக் கால்பந்து இறுதி ஆட்டம். கிளப் ப்ரூக் அணியின் தற்காப்புக்கு நடுவே லிவர்பூலின் கிரேம் சூனஸ் ஒரு பந்தை நுழைத்துக் கொடுக்கிறார். கோல்கீப்பர் தரையில் சரியும்வரை பொறுத்திருந்த கென்னி டால்கிலீஷ், அவர் உடம்புக்கு மேலாகவே பந்தைத் தூக்கி வலைக்குள் போடுகிறார். லிவர்பூல் 1-0.

பந்து கொடுத்தவர், கோல் போட்டவர் இருவருமே ஸ்காட்லாந்துக்காரர்கள். பின்னால் இருவரும் மேலாளர் ஆனார்கள். லிவர்பூல், பிளாக்பர்ன், நியூகாசில் என்று மூன்று கிளப்களை இருவருமே நடத்தினார்கள். மூன்றிலும் டால்கிலீஷ் முந்தி, சூனஸ் பிந்தி. ஒப்பிட்டுப் பார்க்க இதைவிடத் தோதான ஜோடி கிடைக்காது.

டால்கிலீஷ் 1985-இல் ஆடிக்கொண்டே லிவர்பூலின் மேலாளரானார். ஹெய்சல் மைதானத்தில் 39 பேர் இறந்த துயரத்துக்கு அடுத்து வந்த பொறுப்பு அது. முதல் சீசனிலேயே லீக், இங்கிலாந்தின் நாக்-அவுட் போட்டியான எஃப்.ஏ. கோப்பை இரண்டும் வந்தன. லீக்கை உறுதி செய்த கோலை, செல்சி மைதானத்தில் மார்பில் பந்தை வாங்கி அவரே அடித்தார்.

சூனஸ் 1986-இல் கிளாஸ்கோ ரேஞ்சர்ஸுக்கு வந்தார், அவரும் ஆடும் மேலாளர்தான். முதல் லீக் ஆட்டத்திலேயே எதிராளியை மோசமாக மிதித்து சிவப்பு அட்டை வாங்கினார்! ஆனாலும் ஒன்பது ஆண்டுகளாகக் கைக்கு எட்டாத ஸ்காட்லாந்து லீக்கை அந்த சீசனில் வென்றார். ஐரோப்பியப் போட்டிகளில் இங்கிலாந்து கிளப்களுக்குத் தடை இருந்த காலம். அதைப் பயன்படுத்தி டெர்ரி புட்சர், கிறிஸ் வுட்ஸ் போன்ற இங்கிலாந்து அணி வீரர்களை வடக்கே இழுத்தார். 1989-இல் இன்னும் பெரிய வேலை செய்தார். கத்தோலிக்க வீரர்களைத் தவிர்த்துவந்த அந்தக் கிளப்புக்கு, கத்தோலிக்கரும் பரம எதிரியான செல்டிக்கின் முன்னாள் வீரருமான மோ ஜான்ஸ்டனை வாங்கினார். சில ரேஞ்சர்ஸ் ரசிகர்கள் தங்கள் கழுத்துத் துண்டுகளையே எரித்தார்கள். அந்தச் சுவரை இடிக்க முரட்டுக் கைதான் வேண்டியிருந்தது. டால்கிலீஷ் அதைச் செய்திருப்பாரா என்று எனக்குச் சந்தேகம்.

சிக்கல் லிவர்பூலில் வந்தது. டால்கிலீஷ் அங்கே மூன்று லீக் வென்றார். பார்ன்ஸ், பியர்ட்ஸ்லி, ஆல்ட்ரிட்ஜ் சேர்ந்து 1987-88-இல் முதல் 29 லீக் ஆட்டங்களில் தோற்காமல் ஓடிய அணி கண்ணுக்கு விருந்து. 1989-இல் ஹில்ஸ்பரோ மைதான நெரிசல் துயரம். இறந்த ரசிகர்களின் இறுதிச் சடங்குகளுக்கு அலைந்தார். ஒரே நாளில் நான்குக்குப் போனதும் உண்டு. அந்தச் சுமையோடு 1991 பிப்ரவரியில், எவர்டனோடு 4-4 என்று முடிந்த ஆட்டத்துக்குப் பிறகு, ராஜினாமா செய்தார்.

அந்த இடத்துக்கு சூனஸ் வந்தார். அவர் வாங்கிக்கொண்டது வயதேறிய அணி, இதைச் சொல்லாமல் அவரைத் திட்டுவது நியாயமில்லை. ஆனால் அவசரம் அவருடையது. இத்தாலியில் கற்ற உணவு ஒழுங்கை ஒரே மூச்சில் திணித்தார், பியர்ட்ஸ்லியைப் பக்கத்து எவர்டனுக்கே விற்றார். 1992-இல் எஃப்.ஏ. கோப்பை வந்தது, லீக்கில் மட்டும் இரண்டு முறை ஆறாமிடம். இதய அறுவைக்குப் பிறகு, ஹில்ஸ்பரோ பற்றிப் பொய் எழுதிய தி சன் பத்திரிகைக்கே தன் கதையைக் கொடுத்தார். அது வெளியானது ஹில்ஸ்பரோவின் மூன்றாம் நினைவு நாளில். நகரம் மன்னிக்கவில்லை. கோப்பைக் கணக்கெல்லாம் அப்புறம், அந்த ஒரு தவறு போதும்.

பிளாக்பர்னில் இருவருமே நன்றாகச் செய்தார்கள். இரண்டாம் பிரிவிலிருந்து எடுத்து, கிளப் உரிமையாளர் ஜாக் வாக்கரின் பணத்தோடும் ஆலன் ஷியரரின் கோல்களோடும் 1995-இல் லீக்கையே வென்றார் டால்கிலீஷ். கடைசி நாளில் லிவர்பூலின் ஆன்ஃபீல்டில் தோற்றும், மான்செஸ்டர் யுனைடெட் வெஸ்ட் ஹாமில் டிரா செய்ததால் பட்டம் இவருக்கு! பின்னால் கீழே இறங்கியிருந்த அதே கிளப்பை சூனஸ் 2001-இல் மறுபடி மேல் பிரிவுக்கு ஏற்றி, 2002-இல் லீக் கோப்பையும் வாங்கித் தந்தார். பெரிய சாதனை முன்னதுதான், ஆனால் சூனஸுக்கு வாக்கரின் பழைய பெட்டி அப்படியே திறந்திருக்கவில்லை.

கிளப்பை ஒப்படைக்க ஒருவரைத்தான் கூப்பிடலாம் என்றால் என் ஓட்டு டால்கிலீஷுக்கு. யாரை வாங்க வேண்டும், எப்போது பேசாமல் இருக்க வேண்டும் இரண்டும் அவருக்குத் தெரிந்திருந்தன. பேசாமல் இருப்பது கொஞ்சம் அதிகம்தான், நிருபர்களைக் கேட்டால் தெரியும்.

ஆனால் நியூகாசில் என் ஓட்டையும் ஆட்டிப் பார்க்கிறது. முந்தைய மேலாளர் கீகன் கட்டிய அணியைக் கலைத்து, இயன் ரஷ், பார்ன்ஸ் என்று வயதான பழைய கூட்டாளிகளைக் கூட்டி வந்தார் டால்கிலீஷ். பார்சிலோனாவை 3-2 என்று வீழ்த்திய ஓர் இரவு இருந்தது, லீக்கில் பதிமூன்றாமிடம்.

சூனஸுக்கு அங்கே நேர்ந்தது வேறு மாதிரி. 2005 ஏப்ரலில் ஆஸ்டன் வில்லாவிடம் தோற்றுக்கொண்டிருந்தபோது அவருடைய வீரர்களான லீ போயரும் கீரன் டையரும் மைதானத்திலேயே ஒருவரையொருவர் அடித்துக்கொண்டார்கள். இருவருக்கும் சிவப்பு அட்டை. ஆட்டம் முடிந்ததும், வகுப்பில் சண்டை போட்ட பையன்களைப் போல இருவரையும் இரு பக்கமும் உட்காரவைத்துக்கொண்டு, நடுவில் இருந்து நிருபர்களுக்குப் பதில் சொன்னார் சூனஸ்.