சேப்பியன்ஸா, ஆதி இந்தியர்களா, இரும்புக்கை மாயாவியா?

வேலூரில் புத்தகக் காட்சி நடக்கும்போது கல்லூரிப் பிள்ளைகள் கேட்கும் கேள்வி இது: "அண்ணா, சேப்பியன்ஸ் எடுக்கலாமா, ஆதி இந்தியர்கள் எடுக்கலாமா?" மனிதர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று சொல்லும் புத்தகங்கள், இரண்டும் தமிழில் கிடைக்கின்றன. இரண்டையும் சேர்த்து வாங்க எல்லோர் கையிலும் காசு இருக்காது. ஒன்றுதான் முடியும் என்றால் ஆதி இந்தியர்களை எடுங்கள் என்பேன்.

சேப்பியன்ஸ் மட்டமான புத்தகம் இல்லை. யுவால் நோவா ஹராரி அதை 2011இல் எபிரேய மொழியில் வெளியிட்டார். 2014இல் ஆங்கிலத்தில் வந்த பிறகு உலகம் முழுக்கப் பரவியது. 70,000 ஆண்டுகளுக்கு முன் அறிவுப் புரட்சி, சுமார் 12,000 ஆண்டுகளுக்கு முன் வேளாண் புரட்சி, 500 ஆண்டுகளுக்கு முன் அறிவியல் புரட்சி என்று மூன்றே படிகளில் நம்மை மேலே கொண்டுவந்து நிறுத்திவிடுவார். எடுத்தால் கீழே வைக்க மனசு வராது. என் குறையும் அந்த வேகத்தின் மேல்தான். 'இது எப்படித் தெரிந்தது?' என்று வாசகர் கேட்க நினைப்பதற்குள் அடுத்த நூற்றாண்டுக்குப் போய்விடுகிறார்.

வேளாண்மை பற்றிய பகுதியைப் பாருங்கள். மனிதன் கோதுமையைப் பழக்கவில்லை, கோதுமைதான் மனிதனைப் பழக்கியது என்கிறார். படித்ததும் சிலிர்க்கும். ஆனால் அது மேற்கு ஆசியாவின் கதை. திருப்பத்தூர் பக்கம் பையம்பள்ளியில் இந்தியத் தொல்லியல் துறை 1960களில் தோண்டியபோது புதிய கற்காலக் குடியிருப்பு கிடைத்தது. பள்ளம் தோண்டி அதற்குள் வீடு கட்டியிருந்தார்கள், வழவழப்பாகத் தேய்த்த கற்கோடரி வைத்திருந்தார்கள். அங்கே கிடைத்த கருகிய தானியங்களில் கொள்ளும் பச்சைப்பயறும் இருந்தன. வடாற்காட்டு மானாவாரி நிலத்தில் இன்றைக்கும் போடுகிற அதே கொள்ளுதான். கோதுமையை வைத்து ஹராரி போடும் கணக்கு கொள்ளுக்குப் பொருந்துமா? அந்தக் கேள்விக்கு அவருடைய புத்தகத்தில் இடமில்லை. உலகத்தையே ஒரு கதையில் அடக்கப் பார்த்தால் நம்ம ஊர் விட்டுப்போவது இப்படித்தான்.

டோனி ஜோசப் பத்திரிகையாளர். அவருடைய ஆதி இந்தியர்கள் 2018 கடைசியில் ஆங்கிலத்தில் வந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து வந்து சுமார் 65,000 ஆண்டுகளுக்கு முன் இங்கே சேர்ந்தவர்கள், பிறகு ஈரான் பக்கத்து வேளாண் மக்களோடு நடந்த கலப்பு, கிழக்கிலிருந்து வந்த ஆஸ்திரோ ஆசிய மொழிக்காரர்கள், கடைசியாக மத்திய ஆசியப் பக்கத்து ஸ்டெப்பி புல்வெளியிலிருந்து வந்தவர்கள் என்று நான்கு வருகைகளைச் சொல்கிறார். ஒவ்வொன்றுக்கும் சான்றை முன்னால் வைக்கிறார்: தாய் வழி மரபணு இதைச் சொல்கிறது, தந்தை வழி மரபணு அதைச் சொல்கிறது, அகழாய்வு இந்த அளவுக்கு ஒத்துப்போகிறது. நடுவில் கொஞ்சம் அலுப்புத் தட்டும். எம், என், ஆர்1ஏ என்று மரபணுக் குழுக்களின் பெயர்கள் வரிசையாக வரும்போது பலர் பக்கத்தைப் புரட்டிவிடுவார்கள். புரட்டாதீர்கள், பென்சிலால் குறித்துக்கொண்டு படியுங்கள். இந்த மண்ணில் யாருமே கலக்காத சுத்த வம்சம் இல்லை என்பதை வாதம் பண்ணாமல் சான்றை அடுக்கியே காட்டுகிற இடம் அதுதான். சாதிப் பெருமை பேசும் எந்த ஊருக்கும் இந்தப் புத்தகம் வேண்டும், எங்கள் ஊருக்கும் வேண்டும். ஹரியானாவில் உள்ள சிந்துவெளி நாகரிக ஊரான ராக்கிகடியில் கிடைத்த பெண்ணின் எலும்பில் ஸ்டெப்பி மரபணு இல்லை என்ற ஆய்வு 2019 செப்டம்பரில்தான் முறைப்படி வெளியானது. முதல் பதிப்பை வைத்திருப்பவர்கள் அதைத் தனியாகத் தேடிப் படித்துக்கொள்ள வேண்டும்.

இந்த இரண்டுக்கும் மூத்தது டார்வினின் உயிரினங்களின் தோற்றம், 1859. இதுவும் தமிழில் உண்டு. கடினம் என்று பயந்து பலர் தொடுவதில்லை. முதல் அத்தியாயத்தை மட்டுமாவது படிக்கச் சொல்வேன், குறிப்பாகப் புறா வளர்ப்பவர்களுக்கு. மொட்டை மாடியில் கூண்டு கட்டி கர்ணப் புறா விடுகிறவர்கள் பேசும் அதே சங்கதியைத்தான் டார்வின் பேசுகிறார். தானே புறா வளர்த்தார், லண்டனில் இரண்டு புறா வளர்ப்போர் சங்கங்களில் சேர்ந்தார். அக்பரின் அரசவையோடு 20,000 புறாக்களுக்குக் குறையாமல் கூடவே போகும் என்ற செய்தியையும் அந்த அத்தியாயத்தில் சொல்கிறார். விசிறிவால் வெள்ளைப் புறாவையும் வேறொரு கறுப்பு இனத்தையும் சேர்த்துப் பார்க்கிறார். வந்த குஞ்சுகளைத் திரும்பக் கலந்தபோது நீல உடம்பும் சிறகில் இரட்டைக் கறுப்புப் பட்டையுமாக ஒரு பறவை பிறக்கிறது. அப்படியே மாடப்புறா! இத்தனை இனமும் அந்த ஒன்றிலிருந்து வந்தவை என்று அவர் சொல்லும்போது நாமும் கூண்டுக்குப் பக்கத்தில் நின்று பார்த்ததுபோல ஒப்புக்கொள்கிறோம். மனிதனின் தோற்றம் பற்றி அந்தப் புத்தகத்தில் ஏறக்குறைய ஒரே வரிதான். அதற்குத் தனிப் புத்தகம் எழுத 1871 வரை பொறுத்திருந்தார். தெரிந்த அளவுக்கு மட்டும் பேசும் அந்த நிதானத்துக்காகவே மூன்றில் டார்வினைத்தான் உயர்வாக வைக்கிறேன். ஆனால் முதலில் படிக்க ஏற்றது ஆதி இந்தியர்கள்தான்.

சரி, கற்பனை நாயகர்களின் ஆரம்பக் கதைகளுக்கு வருவோம். அங்கேயும் இதே இரண்டு வகை உண்டு: கதையைச் சொல்லிவிட்டுப் போவது ஒன்று, சான்றைத் தேடவைப்பது இன்னொன்று.

முகமூடி வீரர் மாயாவி என்று நமக்குப் பழகிய ஃபேண்டம் 1936இல் தொடங்கிய படக்கதை. 1536இல் கடற்கொள்ளையரிடம் தப்பிக் கரையேறியவன், தந்தையைக் கொன்றவனின் மண்டையோட்டின் மேல் சத்தியம் செய்கிறான், பரம்பரை தொடர்கிறது. அவ்வளவுதான். கம்பீரமான ஆரம்பம், அதில் கேள்வி கேட்க எதுவும் இல்லை. இரும்புக்கை மாயாவி அதைவிட ஒரு படி மேல். முத்து காமிக்ஸின் முதல் இதழாக 1972இல் வந்தது. ஆய்வுக்கூட விபத்தில் கையை இழந்தவன், மின்சாரம் பாய்ந்தால் இரும்புக் கை மட்டும் தெரிய மறைந்துபோகிறான். முதல் கதையில் அவன் நல்லவனே இல்லை. கிடைத்த சக்தியைக் குற்றத்துக்குத்தான் பயன்படுத்துகிறான். நாயகன் ஆவதற்கு முன் ஒருவன் என்னவாக இருந்தான் என்று ஒளிக்காமல் காட்டியது எனக்குப் பெரிய விஷயம்.

ஆனால் லயன் காமிக்ஸில் இரத்தப் படலம் என்று வந்த பிரெஞ்சு மொழித் தொடரின் பக்கத்தில் இரண்டும் நிற்காது. நினைவில்லாமல் கரையில் ஒதுங்கியவனுக்குக் கழுத்தெலும்பருகே பச்சை குத்திய எண் மட்டும் மிச்சம். ஒவ்வொரு பாகத்திலும் ஒரு பெயர் கிடைக்கும், அடுத்ததில் அது பொய்யாகும். தன் ஆரம்பம் தெரியாதவன் சான்றைத் துரத்துகிறான், நாமும் கூடவே ஓடுகிறோம். ஆதி இந்தியர்களைப் படித்தவர்களுக்கு இந்தத் தவிப்பு பழகியதாக இருக்கும்.

தமிழிலேயே எழுதப்பட்டதில் பொன்னியின் செல்வன். 1950இலிருந்து கல்கி இதழில் தொடராக வந்தது. சின்ன வயதில் காவிரியில் விழுந்த, பின்னாளில் ராஜராஜன் ஆன அருள்மொழியைப் பொன்னித் தாயே காப்பாற்றினாள் என்று முதலில் நம்ப வைத்து, காப்பாற்றியது மந்தாகினி என்ற ஊமைப் பெண் என்று பிறகு காட்டுகிறார் கல்கி. புராணமும் அவரே, விசாரணையும் அவரே. இதைப் படித்த கையோடு காட்பாடி வட்டம் மேல்பாடிக்குப் போங்கள். ஆற்றூரில் இறந்த தன் பாட்டன் அரிஞ்சயனுக்கு ராஜராஜன் பள்ளிப்படையாக, அதாவது இறந்தவர் நினைவாக எடுத்த கோயில் அங்கே இருக்கிறது, கல்வெட்டே அதைச் சொல்கிறது. அரிஞ்சயனின் அண்ணன் ராஜாதித்தன் 949இல் போரில் யானை மேலிருந்தபடி இறந்த தக்கோலம் அரக்கோணம் பக்கம். நாவலில் நிழலாக வரும் முன்னோர் இருவரும் எங்கள் வடாற்காட்டு மண்ணில்தான் கிடக்கிறார்கள்.

பத்தாம் வகுப்புப் பிள்ளை வீட்டில் இருந்தால் இரத்தப் படலம் அல்லது பொன்னியின் செல்வனில் தொடங்குங்கள், ஃபேண்டம் இரவல் கிடைத்தால் போதும். கல்லூரி என்றால் ஆதி இந்தியர்கள், அப்புறம் டார்வினின் முதல் அத்தியாயம். சேப்பியன்ஸை இதற்கெல்லாம் பிறகு எடுக்கலாம். பக்கத்துக்குப் பக்கம் 'எப்படித் தெரியும்?' என்று ஹராரியிடம் கேட்டுக்கொண்டே படிக்க அப்போது முடியும்.